நாற்பத்தேழாம் நம்பர் லத்தி

என் அக்கா வீட்டுக்காரருக்கு ஒன்றரைக் காதுதான். மீதி அரைக் காதை, அவர் ஜெயிலில் வார்டராகச் சேர்ந்த இரண்டாவது வாரமே ஒரு கைதி கடித்துத் துப்பிவிட்டான். சாப்பாட்டு வாளியை வைக்கக் குனிந்தவரின் தலையைக் கம்பிக்கு வெளியே கையை நீட்டி இழுத்துப் பல்லைப் போட்டிருக்கிறான். மூன்று பேர் சேர்ந்து அவன் முழங்கையை உடைத்த பிறகுதான் வாயைத் திறந்தான். தரையில் கிடந்த துண்டை ஒரு மூத்த வார்டர் பழைய பேப்பரில் எடுத்து வந்து, "இது வேணுமா, போட்டுடவா?" என்று கேட்டாராம். இதைச் சொல்லிவிட்டு மாமா வயிறு குலுங்கச் சிரிப்பார். எனக்கு ஒருநாளும் சிரிப்பு வந்ததில்லை.

அன்று முதல் ஜெயிலுக்குள் அவர் பெயர் அரைக்காது. கைதிகள் முதுகுக்குப் பின்னால் சொன்னார்கள், சக வார்டர்கள் முகத்துக்கு நேராகவே சொன்னார்கள். வீட்டில் அந்தப் பேச்சை எடுக்கிற தைரியம் என் அக்காவுக்கு மட்டும்தான் உண்டு. அவர் ஏதாவது சாக்குச் சொன்னால், "எனக்குக் காது குத்தாதீங்க, முதல்ல உங்க காதை முழுசாக்கிட்டு வாங்க" என்பாள்.

அடி அவருக்குப் புதிது இல்லை. அவருடைய அப்பா லாரி ஓட்டினவர். பிள்ளைகளிடம் வாயால் பேசுகிற வழக்கம் அந்த மனிதருக்கு இல்லை, அறுந்துபோன ஃபேன் பெல்ட் ஒன்றை ஆணியில் மாட்டி வைத்திருந்தார், அதுதான் பேசும். மாமா சட்டையைக் கழற்றினால் முதுகில் இன்னும் இரண்டு கோடு தெரியும். அப்படி வளர்ந்தவருக்கு அடிக்கிறவன் பக்கம் நிற்கிற உத்தியோகம் கிடைத்ததும், ஏதோ பெரிய பதவி உயர்வு வந்தது போல இருந்திருக்கும். நான் அவரைக் குறை சொல்லவில்லை. கொஞ்சம் சொல்லத்தான் செய்கிறேன்.

கல்யாணமான மூன்றாவது மாதம் அக்காவை ஒரு அறை அறைந்தார். அவள் அடுப்பிலிருந்த இரும்புக் கரண்டியை எடுத்து அதே கையின் மணிக்கட்டில் போட்டாள். எலும்பு விரிசல் விட்டுவிட்டது. ஆபீசில் வழுக்கி விழுந்துவிட்டதாகச் சொல்லி இருபது நாள் மருத்துவ விடுப்பு எடுத்தார். அதற்குப் பிறகு வீட்டில் அவர் கை நீட்டியதே இல்லை. அக்கா அந்தக் கரண்டியை இன்றைக்கும் வைத்திருக்கிறாள்.

வழுக்கி விழுவது அவர்கள் தொழிலில் ஒரு வசதியான ஏற்பாடு. ஜெயில் ஆஸ்பத்திரிப் பதிவேட்டில் பாதிப் பேர் கழிப்பறையில் வழுக்கி விழுந்தவர்கள்தான். பல் போனவன், விரல் ஒடிந்தவன், விலா நொறுங்கியவன், எல்லோரும் ஒரே இடத்தில் வழுக்கினார்கள். அந்தக் கழிப்பறையை யாரும் கழுவி விட்டதாகவும் தெரியவில்லை.

இன்னொரு வழக்கமும் இருந்தது. அதை மாமா ஒரு நாள் சாப்பாட்டுக்கு நடுவில், பெருமையாகத்தான், எனக்குச் சொன்னார். ஒவ்வொரு வார்டருக்கும் ஒரு லத்தி உண்டு. பிடியில் பழுக்கக் காய்ச்சிய கம்பியால் நம்பர் போட்டிருக்கும். யாருக்கு எந்த நம்பர் என்று ஸ்டோரில் ஒரு பதிவேடு இருக்கும். டியூட்டி முடிந்ததும் எல்லா லத்தியும் காவல் அறைக் கதவுக்குப் பக்கத்தில் இருக்கும் மரச் சட்டத்தில் வரிசையாகத் தொங்கும். அலாரம் அடித்தால் ஓடிப்போய் எடுக்க வேண்டியதுதான்.

"ஆனா சொந்த நம்பரை எவனும் எடுக்க மாட்டான் மாப்ளே. அடுத்தவன் நம்பரைத்தான் எடுப்போம். நாளைக்கு ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா, எந்த லத்தி யாரு கையில இருந்துச்சுன்னு எவனாலயும் கண்டுபிடிக்க முடியாது. சேர்ந்த அன்னிக்கே இதைத்தான் சொல்லிக் கொடுப்பாங்க."

"அப்போ உங்க நம்பர் வேற எவன் கையிலயோ இருக்குமே மாமா?"

"இருக்கட்டுமே. எல்லாம் நம்ம ஆளுங்கதானே" என்றார். அவருடைய நம்பர் நாற்பத்தேழு.

இப்போது என்னைப் பற்றி இரண்டு வார்த்தை. நான் கோர்ட் மதில் ஓரத்தில், தகரக் கூரைக்குக் கீழே, டைப் மிஷினோடு உட்கார்ந்து மனு அடித்துக் கொடுக்கிறவன். முப்பது வருடமாக அடுத்தவர்களின் வயிற்றெரிச்சலைச் சட்ட பாஷையில் அடித்துக் கொடுத்து எனக்கே பாதி வக்கீல் புத்தி வந்துவிட்டது. அந்தப் புத்தியில் பெருமைப்பட ஒன்றும் இல்லை என்பது இந்தக் கதை முடியும்போது உங்களுக்கே தெரியும்.

மாமா ஓய்வு பெற ஏழு வருடம் இருந்தபோதுதான் அந்தக் கலவரம் நடந்தது. கோடைக்காலம், காலை பதினொரு மணி. மூன்றாம் பிளாக்கில் ஒரே குழாய், நாற்பது நிமிடம்தான் தண்ணீர் வரும். இருநூறு பேருக்கு அது. வரிசையில் இரண்டு கோஷ்டிக்குள் தள்ளுமுள்ளு. விசாரணைக் கைதி ஒருவன், தண்ணீர் பம்பைத் திருடிய வழக்கில் உள்ளே வந்தவன், அப்போதுதான் வாளியை நிரப்பியிருக்கிறான். எவனோ அதை எட்டி உதைத்துக் கவிழ்த்தான். பம்புக்காரன் காலி வாளியைச் சுழற்றி வீச, உதைத்தவன் குனிந்துகொள்ள, வாளி போய்த் தலைமை வார்டரின் வாயில் பட்டது. முன்பல் இரண்டும் ரத்தத்தோடு தரையில் விழுந்தன.

அலாரம் அடித்தது. ஆறு வார்டர்கள் மரச் சட்டத்துக்கு ஓடினார்கள், மாமாவும் அதில் ஒருவர். பிளாக்குக்குள் நுழைந்ததுமே எவனோ பிடுங்கிய இரும்புக் குழாயால் மாமாவின் முழங்காலில் ஒரே போடு போட்டான். சில்லு உடைந்தது. அன்றைக்கு விழுந்த கால்தான், இன்றுவரை கைத்தடி இல்லாமல் அவரால் நடக்க முடியாது. அரை மணி நேரத்தில் கலவரம் அடங்கியது. பதினேழு கைதிகளுக்குக் காயம். பம்புக்காரன் மட்டும் இரண்டு நாள் கழித்து ஜெயில் ஆஸ்பத்திரியில் செத்துப்போனான். கழிப்பறையில் வழுக்கி விழுந்தான் என்று எழுதினார்கள். பிரேதப் பரிசோதனையில் உடம்பில் இருபத்திரண்டு இடத்தில் அடி, இரண்டு கையிலும் விரல்கள் ஒடிந்திருந்தன.

அவனுக்கு அம்மா மட்டும்தான். பஸ் நிறுத்தத்துக்குப் பக்கத்தில் தள்ளுவண்டியில் கரிப்பெட்டி வைத்து இஸ்திரி போடுகிறவள். கட்டையாக, கறுப்பாக, வலது முழங்கையில் பெட்டி சுட்ட தழும்போடு இருப்பாள். அந்த அம்மாள் ஒருவரையும் விடவில்லை. மனித உரிமை ஆணையத்துக்குப் போய் வருடக்கணக்காக வாசலில் உட்கார்ந்தாள். ஆணையம் ஆறு வார்டர்களையும் கூப்பிட்டுக் கேட்டது. ஆறு பேரும் கையைக் கட்டிக்கொண்டு ஒரே மாதிரி, "கூட்டத்தில் யார் அடித்தது என்று தெரியவில்லை" என்றார்கள். கடைசியில் யாரோ ஒரு கெட்டிக்கார அதிகாரி ஸ்டோர் பதிவேட்டை வரவழைத்துப் பார்த்திருக்கிறார். அந்த வாரம் உடைந்து, மாற்றிக் கொடுக்கப்பட்ட லத்தி ஒன்றே ஒன்றுதான். நாற்பத்தேழு. கால் ஆறி டியூட்டிக்குத் திரும்பியபோது, புதிது வாங்கியதற்கு மாமாவே கையெழுத்துப் போட்டிருந்தார். சொந்த நம்பர் உடைந்தால் சொந்தக்காரன்தான் கையெழுத்துப் போட வேண்டும், அது விதி.

ஓய்வு பெற்ற அன்று அவருக்கு ஒரு சூட்கேஸ் பரிசாகக் கொடுத்தார்கள். கூடவே ஒரு கவர். பாராட்டுக் கடிதம் என்று நினைத்து வீட்டுக்கு வந்து அக்காவையே பிரிக்கச் சொன்னார். இறந்த கைதியின் தாயாருக்கு வழங்க வேண்டிய இழப்பீடு முழுவதையும் இவருடைய பணிக்கொடையிலிருந்து பிடித்தம் செய்வதாக அதில் இருந்தது. பிடித்தது போக மிஞ்சியதில் ஒரு நல்ல கட்டில் வாங்கலாம்.

அந்தப் பணத்தை நம்பித்தான் அவர்கள் வீடு கட்ட ஆரம்பித்திருந்தார்கள். மூன்று சுவர் எழும்பி நின்றது. ஜெயில் குடியிருப்பைக் காலி செய்தாக வேண்டும். அக்கா அந்தக் காகிதத்தை இரண்டு தடவை படித்தாள். பிறகு சூட்கேஸைத் தூக்கி வாசலில் எறிந்தாள். பூட்டு தெறித்துப்போனது.

மறுநாள் மாமா என் தகரக் கூரைக்கு வந்து எதிரில் உட்கார்ந்தார்.

"நாப்பத்தேழு என் கையில இல்ல மாப்ளே" என்றார். "சத்தியமா இல்ல. அந்த லத்தியை அன்னிக்கு நான் தொடவே இல்ல."

"அப்போ யாரு கையில இருந்துச்சு?"

"தெரியும். ஆனா சொல்ல முடியாது. நான் அவனைச் சொன்னா, உன் கையில என்ன நம்பர் இருந்துச்சுன்னு அவன் கேப்பான்."

இங்கே நான் நின்றிருக்க வேண்டும். அப்படியானால் உங்கள் கையில் என்ன இருந்தது மாமா என்று கேட்டிருக்க வேண்டும். அலாரம் அடித்தால் வெறுங்கையோடு ஓடுகிற வார்டர் உலகத்தில் உண்டா? ஆனால் என் அக்காவின் மூன்று சுவர் என் கண்ணுக்குள் நின்றது. நான் தாளைச் சொருகி, "மனுதாரர் மேற்படி தினத்தன்று நாற்பத்தேழாம் நம்பர் தடியைத் தொடவே இல்லை" என்று அடித்தேன். ஒவ்வொரு எழுத்தும் உண்மை. அப்போது எனக்குக் கொஞ்சம் கர்வமாகக்கூட இருந்தது.

வக்கீல் இதைவிடக் கெட்டிக்காரர். லத்திப் பேச்சையே பெரிதாக எடுக்கவில்லை. "குற்றச்சாட்டுக் குறிப்பு கொடுக்கல, துறை விசாரணை வைக்கல, ஒரு விளக்கம்கூடக் கேக்கல. ஓய்வுப் பணம் அரசாங்கம் போடற பிச்சை இல்ல, அவரோட சொத்து. விசாரணை இல்லாம அதுல ஒரு பைசா பிடிக்க முடியாது. இனிமே விசாரணை ஆரம்பிக்கவும் முடியாது, சம்பவம் நடந்து நாலு வருஷத்துக்கு மேல ஆச்சு, ஆளும் ஓய்வு பெற்றாச்சு" என்றார். கோர்ட் பிடித்தத்துக்குத் தடை போட்டது. பணம் மாமாவுக்கும் வரவில்லை, அந்த அம்மாளுக்கும் போகவில்லை. கோர்ட் கணக்கில் போய் உட்கார்ந்துகொண்டது.

ஆக, ஒரே பணத்துக்கு இரண்டு பேர் காத்திருந்தார்கள். காத்திருக்கும் வராந்தாவில் ஓடுகிற மின்விசிறி ஒன்றுதான், அதற்குக் கீழே பெஞ்சும் ஒன்றுதான்.

முதல் வாய்தா அன்று பெயர் கூப்பிட்டதும் மாமா எழுந்தார். இவர்தான் என்று தெரிந்துகொண்ட அம்மாள் அவர் முகத்தில் காறித் துப்பினாள். மாமா கையை ஓங்கிவிட்டார். முப்பது வருடப் பழக்கம், கை தானாக மேலே போகிறது. நான் பாய்ந்து பிடித்தேன், என் உதட்டில் அவர் முழங்கை இடித்து வீங்கிப்போனது. இரண்டாவது வாய்தாவில் அவள் தன் பையில் கல் வைத்திருந்தாள். கோர்ட் போலீஸ்காரர் அதைப் பிடுங்கி வெளியே எறிந்தார். மூன்றாவது வாய்தாவில் பெஞ்சின் ஒரு கோடியில் அவள், மறு கோடியில் மாமா, நடுவில் சுவர் மாதிரி நான். உட்கார்ந்திருந்த நேரம் முழுக்க அவள் மாமாவின் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வழக்கு மூன்று வருடம் இழுத்தது. ஜட்ஜ் மாறினார், அரசு வக்கீல் வரவில்லை, கோப்பு தொலைந்தது, கோப்பு கிடைத்தது. அத்தனை நாளும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தால் மனிதர்களுக்கு வாய் சும்மா இருக்காது. ஒரு நாள் அவள்தான் ஆரம்பித்தாள்.

"அந்த நம்பர் உன் கையில இல்லைன்னு எழுதியிருக்கியே. நிஜமா?"

"நிஜம்தாம்மா. நான் அதைத் தொடல."

"உன் புள்ளை மேல சத்தியமா?"

"எனக்குப் புள்ளை இல்லம்மா. என் பொண்டாட்டி மேல சத்தியம்."

அவள் வெகுநேரம் அவர் முகத்தைப் பார்த்தாள். மாமாவின் முகத்தில் அன்று பொய் இல்லை. அதுதான் கொடுமை. அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லும்போது மட்டும் அவர் முகம் சத்தியத்தைத் தவிர வேறு ஒன்றையும் காட்டாது.

அதற்குப் பிறகு அவள் திட்டுவதை நிறுத்திவிட்டாள். அடுத்த வாய்தாவில் மாமாவின் முழங்கால் பற்றி விசாரித்தாள். கரிச் சூட்டில் துணியை வைத்து ஒத்தடம் கொடுக்கச் சொன்னாள். இன்னொரு நாள், தன் மகன் பம்பு திருடியது உண்மைதான் என்றும், திருடியதற்கு ஜெயிலில் போட்டது சரிதான் என்றும், கொல்லச் சொல்லி யாரும் தீர்ப்பு எழுதவில்லையே என்றும் சொன்னாள். மாமா தலையைக் குனிந்துகொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். கைத்தடியின் பிடியைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டே இருந்தார். மரத்தில் பாலிஷ் போய்விட்டது.

அந்த நாட்களில்தான் அக்கா என்னிடம் ஒன்று சொன்னாள். கலவரம் நடந்த அன்று ஆஸ்பத்திரியில் காலுக்கு மாவுக்கட்டுப் போட்டுக்கொண்டு வந்தவர், அவளைத் தொடவிடாமல், ஒற்றைக் காலில் நின்றுகொண்டு தன் சட்டையைத் தானே துவைத்தாராம். மூன்று தடவை சோப்புப் போட்டாராம். "அதுக்கு முன்னாடியும் பின்னாடியும் அந்த மனுஷன் ஒரு கர்ச்சீப்கூடத் துவைச்சதில்லடா" என்றாள். அவளும் மேலே பேசவில்லை. நானும் கேட்கவில்லை. இரண்டு பேருக்கும் அந்த மூன்று சுவர் வேண்டியிருந்தது.

தீர்ப்புச் சொல்லும் நாள் காலையில் மாமா பஸ்ஸிலிருந்து இறங்கியபோது சட்டை கசங்கிச் சுருண்டிருந்தது. நிறுத்தத்தில் தள்ளுவண்டியோடு நின்ற அம்மாள் அவரைக் கை தட்டிக் கூப்பிட்டாள்.

"ஜட்ஜ் முன்னாடி இப்படியா போய் நிப்ப? கழட்டு."

"வேணாம்மா."

"கழட்டுங்கறேன்ல."

மாமா தெருவில் பனியனோடு நின்றார். அவள் கரிப்பெட்டியை ஊதி, தண்ணீர் தெளித்து, அந்தச் சட்டையின் காலரையும் இரண்டு கையையும் அழுத்தி அழுத்தித் தேய்த்தாள். பனியனுக்கு மேலே முதுகில் தெரிந்த ஃபேன் பெல்ட் கோட்டைப் பார்த்துவிட்டு, "உன்னையும் எவனோ அடிச்சிருக்கானே" என்றாள். காசு வாங்கவில்லை. சூடு ஆறாத சட்டையைப் போட்டுக்கொண்ட மாமாவின் முகத்தை நான் பார்த்தேன். முழங்காலில் இரும்புக் குழாய் விழுந்த அன்றுகூட அந்த முகம் அப்படிக் கோணியிருக்காது.

தீர்ப்பைப் படிக்க ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. விசாரணை இல்லாத பிடித்தம் செல்லாது. பணத்தை வட்டியோடு ஓய்வுபெற்றவருக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டும். இறந்தவரின் தாயார் இழப்பீட்டுக்கு அரசைத் தனியாக அணுகலாம். கடைசியில் ஜட்ஜ் தலையைத் தூக்காமல் ஒரு வாக்கியம் வாசித்தார், அந்தத் தடி யார் கையில் இருந்தது என்று இத்தனை ஆண்டுகளில் துறை ஒருமுறைகூட முறையாகக் கேட்கவில்லை என்று. அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

வராந்தாவுக்கு வந்ததும் வக்கீல் மாமாவின் கையைப் பிடித்துக் குலுக்கினார். அம்மாள் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். அவளைப் பார்க்காமல் தாண்டிப் போய்விடலாம் என்று மாமாவின் முழங்கையைப் பிடித்து இழுத்தேன். அவர் நகரவில்லை.

"உனக்குக் கிடைச்சதுல எனக்கு வருத்தம் இல்லப்பா" என்றாள் அவள். "நீ அடிக்கலைன்னா உன் காசு எனக்கு எதுக்கு? அடிச்சவன் காசுதான் எனக்கு வேணும். இனிமே உனக்குப் பயம் இல்லையே, கேஸு முடிஞ்சு போச்சே. இப்பவாவது சொல்லு. என் புள்ளையை அடிச்சது யாரு?"

நான் மாமாவின் முழங்கையை நன்றாகக் கிள்ளினேன். அவருக்கு உறைத்ததாகத் தெரியவில்லை.

"ஆறு பேரும்தாம்மா" என்றார்.

"ஆறு பேருன்னா?"

"என் கையில இருந்தது முப்பத்தொண்ணு. அந்த லத்திக்காரன் அன்னிக்கு லீவு. அதனாலதான் அதை எடுத்தேன்." குரல் எழும்பவில்லை, ஆனால் நிற்கவும் இல்லை. "என் முட்டியில அடிச்சவன் உன் புள்ளை இல்ல. அது எனக்கு அப்பவே தெரியும். அடிச்சவன் ஓடிட்டான். உன் புள்ளை ஓடல, தண்ணிக் குழாயைக் கட்டிப் பிடிச்சிட்டு உக்காந்திருந்தான். நொண்டிக்கிட்டே போய்க் கையை விடுடான்னேன், விடல. விரல் மேல அடிச்சேன். அப்புறம் எல்லாரும் அடிச்சோம். தண்ணி நிக்கற வரைக்கும் அடிச்சோம். 'அண்ணே, போதும்ணே'ன்னு என்னைப் பாத்து ரெண்டு தடவ சொன்னான்."

அவள் எழுந்தாள். பிறகு, எதையோ எடுத்து வைப்பவள் போல நிதானமாக, மாமாவின் கையிலிருந்த கைத்தடியைப் பிடுங்கினாள்.

முதல் அடி தோளில் விழுந்தது. இரண்டாவது அடிக்கு மாமா குப்புற விழுந்தார். மூன்றாவது அடி முழுசாக இருக்கிற காதில். நான் குறுக்கே பாய்ந்தேன், என் கை மணிக்கட்டிலும் ஒன்று விழுந்தது. "விடு மாப்ளே" என்று தரையிலிருந்து மாமா கத்தினார். "தள்ளிப் போ." இஸ்திரிப் பெட்டியைத் தூக்கித் தூக்கி வைத்துப் பழகிய கை, அளவு தப்பாமல் விழுந்துகொண்டே இருந்தது. விரல்களைத் தேடி அடித்தாள். மாமா இரண்டு கையையும் தரையில் விரித்து வைத்திருந்தார், உள்ளே இழுத்துக்கொள்ளவே இல்லை. விரல் ஒடிகிற சத்தம் எனக்குக் கேட்டது. கைத்தடி பாதியில் முறிந்த பிறகுதான் கூட்டம் அவளைப் பிடித்தது.

கோர்ட் போலீஸ்காரர் ஓடி வந்தார். அவளுடைய கையை முறுக்கிப் பின்னால் பிடித்துக்கொண்டு, "என்னாச்சு சார், இந்தம்மாவா அடிச்சுது? கம்ப்ளைன்ட் எழுதிக்கறேன்" என்றார்.

மாமா சுவரைப் பிடித்து எழுந்து உட்கார்ந்தார். காதிலிருந்து வழிந்த ரத்தம் அவள் தேய்த்துக் கொடுத்த காலருக்குள் இறங்கிக்கொண்டிருந்தது.

"யாரும் அடிக்கல" என்றார். "வழுக்கி விழுந்துட்டேன். அப்படியே எழுதிக்கோங்க."

அவளைக் காப்பாற்றத்தான் சொன்னார். எனக்குத் தெரியும். வேறு எப்படிக் காப்பாற்றுவது என்று அவருக்குத் தெரியாது, முப்பது வருடமாகத் தெரிந்த ஒரே வழி அதுதான். ஆனால் அந்த வார்த்தை காதில் விழுந்ததும் அவள் போலீஸ்காரரின் பிடியை உதறிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"இவன் வழுக்கி விழல" என்றாள். "நான்தான் அடிச்சேன். இந்தக் கையால அடிச்சேன். பொய் எழுதாத. என் பேரைப் போட்டு எழுது."

போலீஸ்காரர் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு இவரையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். அவள் தன் பெயரையும், அப்பா பெயரையும், தெருப் பெயரையும் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு போனாள். மாமா அதைக் கேட்டுக்கொண்டே வாயைத் திறந்து அழுதார். அந்த மனிதர் அழுது நான் பார்த்ததில்லை.

ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றேன். கேட்கவில்லை. என் தோளைப் பிடித்து நொண்டிக்கொண்டே தகரக் கூரைக்கு வந்து எதிரில் உட்கார்ந்தார். மூன்று விரல் வீங்கி நீலமாகத் தொங்கிக்கொண்டிருந்தது.

"தாளைச் சொருகு மாப்ளே."

"மாமா, இதை எழுதிக் கொடுத்தா உங்களை உள்ள தூக்கிப் போட்டுடுவாங்க. நீங்க பூட்டின அறையிலயே உங்களைப் பூட்டுவாங்க. பணமும் போயிடும்."

"அரைக்காது வந்திருக்கான்னு உள்ள ரொம்பப் பேருக்குச் சந்தோஷமா இருக்கும். நீ அடி. முப்பத்தொண்ணாம் நம்பர் லத்தி என் கையில இருந்துச்சு. நான் அடிச்சேன். என் கூட அடிச்ச அஞ்சு பேர் பேரையும் சொல்றேன், அதையும் அடி. இழப்பீட்டை என் பணத்துலேர்ந்தே பிடிச்சு அந்தம்மாவுக்குக் கொடுக்கச் சொல்லி அடி. அப்புறம் அந்தம்மா என்னை அடிச்சதுக்கு எனக்குக் கம்ப்ளைன்ட் இல்லைன்னும் போடு."

மணிக்கட்டு வலித்தது. "நான் அடித்தேன்" என்று அடித்தேன். முப்பது வருடத்தில் என் மிஷின் அடித்திராத வாக்கியம் அது. என்னிடம் வருகிற அத்தனை பேரும் அடிக்கவில்லை, எடுக்கவில்லை, தொடவில்லை என்றுதான் சொல்லி அடித்துக்கொண்டு போவார்கள்.

"எத்தனை காப்பி?" என்று கேட்டேன்.

"மூணு போடு. ஒண்ணு கோர்ட்டுக்கு. ஒண்ணு அந்தம்மாவுக்கு."

"மூணாவது?"

"உங்க அக்காவுக்கு."

கூரையில்லாத மூன்று சுவர் ஞாபகம் வந்தது. நடுவில் இரண்டு கார்பனை வைத்து மூன்று தாளையும் தட்டிச் சீராக்கினேன். "அவ படிச்சு முடிக்கற வரைக்கும் பொறுக்க மாட்டா மாமா. பாதியிலயே அந்தக் கரண்டியை எடுத்துடுவா."

"எடுக்கட்டும்" என்றார் மாமா. "நீ அடி."